பொன்னாடைகளுக்குப் பிறகு கையெழுத்து

எங்கள் நாட்டுக்கும் அந்த நாட்டுக்கும் இடையிலான இராஜதந்திர உறவு, வெள்ளவத்தையில் காலி வீதியைப் பார்த்த ஒரு கட்டடத்தின் மாடிப்படி ஏறியதும் இடது கைப்பக்கம் இருந்தது. வலது கைப்பக்கம் ஒரு பல் வைத்தியர். பல்வலியோடு வந்தவர்கள் பலர் தவறுதலாக எங்களிடம் நுழைந்து, சுவரில் தொங்கிய அரச சின்னத்தையும் பனிமலைப் படத்தையும் பார்த்தபடி தாடையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். நான்தான் எழுந்துபோய் எதிர்க் கதவைக் காட்டுவேன். எங்களைத் தேடி வந்தவர்கள் யாரும் தவறித் தன்னிடம் வந்ததாக வைத்தியர் ஒருபோதும் சொன்னதில்லை.

அந்த நாட்டின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால் வாசிப்பவர் வரைபடத்தை எடுக்கவேண்டியிருக்கும். தூரம் அப்படி. கடல் இல்லாத நாடு. வருடத்தில் பாதி பனி, மற்றப் பாதி அந்தப் பனி உருகிய சேறு என்று எங்கள் கௌரவ கொன்சல் எல்லோருக்கும் விளக்குவார். அவர் அங்கே போனது ஒரேயொரு தடவை. கண்காட்சி மண்டபத்தையும் விமான நிலையத்தையும் தவிர வேறெதையும் பார்க்கவில்லை என்பது, பயண ஒழுங்குகளைச் செய்து கொடுத்த எனக்குத் தெரியும்.

கொன்சல் அடிப்படையில் குளியலறைச் சாமான் இறக்குமதி செய்பவர். கீழ்த்தளத்தில் கடை. அந்த நாட்டுத் தண்ணீர்க் குழாய்களையும் கைகழுவும் தொட்டிகளையும் இந்தத் தீவுக்கு முதலில் கொண்டுவந்தவர் என்ற தகுதியில்தான் பதவி கிடைத்தது. எங்களுக்கான தூதரகம் டெல்லியில் இருக்கிறது. கொழும்பிலேயே ஒன்றைத் திறக்கும் அளவுக்கு எங்களுக்குள் எதுவும் நடக்கவில்லை என்பதால் ஒரு கௌரவ கொன்சலும் ஒரு கொடியும் ஒரு முத்திரையும் போதும் என்று விட்டிருந்தார்கள். நான் கடையின் வங்கிப் பத்திரங்களைப் பார்ப்பவள். புதன்கிழமை காலைகளில் அதே கதிரையில் இருந்தபடி இராஜதந்திரத்தையும் பார்த்தேன்.

புதன்கிழமை வருபவர்களில் பெரும்பாலோர் இளைஞர்கள்.

“மிஸ், இந்த நாட்டுக்கு ஸ்டூடன்ட் விசா குடுப்பினமோ?”

“டெல்லிக்கு விண்ணப்பிக்க வேணும் தம்பி. நாங்க விபரம் மட்டும்தான் சொல்லுவம்.”

“சரி. அங்க போய் இறங்கினா, அங்கயிருந்து கனடா எவ்வளவு தூரம்?”

கொழும்பிலிருந்து போவதைவிடப் பெரிய வித்தியாசம் இல்லை என்று சொன்னால் முகம் வாடிவிடும். ஒருவர் மட்டும், “பரவாயில்ல மிஸ், குளிருக்காவது பழகலாம்” என்று சொல்லி விபரத்தாளை வாங்கிக்கொண்டு போனார்.

பிறகு நாட்டில் டொலர் இல்லாமல் போன காலம் வந்தது. இறக்குமதி செய்யக்கூடாத சாமான்களுக்குள் கைகழுவும் தொட்டியும் சேர்ந்தது. அத்தோடு இரு நாடுகளின் வர்த்தகம் எந்தச் சத்தமும் இல்லாமல் முடிந்தது. முறையாக அறிவிக்க யாருமில்லை. நானும் கொன்சலும்தான் இரு தரப்பும். கடையில் உள்ளூர்த் தொட்டிகளை விற்றோம். மேலே கொடி வெயிலில் வெளுத்துக்கொண்டிருந்தது.

அப்படி இருக்கையில்தான் டெல்லியிலிருந்து தகவல் வந்தது. தூதுவர் கொழும்புக்கு வருகிறார். அவரோடு அவருடைய நாட்டு வியாபாரி ஒருவரும் வருகிறார். வீட்டுப் பாவனைப் பொருட்களைக் கடைகளுக்கு வழங்குபவர், தேங்காய்த் தும்பில் செய்த கால்மிதிகள் தேவைப்படுகின்றன, நல்ல உற்பத்தியாளர் ஒருவரை அறிமுகப்படுத்த முடியுமா?

கொன்சல் அதை இரண்டு தரம் வாசித்தார்.

“கால்மிதியோ?”

“ஓம் சேர். பனிச் சப்பாத்தோட வீட்டுக்குள்ள போகேலாதுதானே. சேறும் இருக்கு. அவையளுக்குத் தேவைதான்.”

“தேயிலை இருக்கு, இரத்தினக்கல் இருக்கு, கறுவா இருக்கு. இவன் காலைத் துடைக்கிறதுக்கோ இவ்வளவு தூரம் வாறான்?”

நல்ல உற்பத்தியாளரைத் தேடி நான் எங்கும் அலையவில்லை. கடை நன்றாக ஓடிய நாட்களில், ஒரு முழுக் குளியலறைச் செட் வாங்குபவர்களுக்கு ஒரு தும்புக் கால்மிதி இலவசமாகக் கொடுப்போம். அவற்றைச் செய்து தந்தவர் கொட்டாஞ்சேனையில் இருந்தார். என்னைவிடச் சில வயது குறைந்த பெண். தென்கரையிலிருந்து சுருளாக வரும் தும்புப் பாயை வெட்டி, ஓரம் கட்டி, சாயம் பூசிக் கால்மிதியாக்குவது அவருடைய தொழில். பழைய பண்டகசாலை ஒன்றின் பின்பகுதியில் பெண்களை வைத்து வேலை செய்வித்தார். எங்கள் கடையில் இலவசம் நின்றபோது அவருக்கு வந்த ஓடர்களில் பெரும் பங்கு நின்றது. மற்றவர்கள் பிளாஸ்டிக் மிதிகளுக்கு மாறினார்கள். நான் விபரம் சொல்லப் போன அன்று ஆறு பெண்கள்தான் மிச்சம் இருந்தார்கள்.

“இதில ரெண்டு பேர் குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போக மெடிக்கல் எடுத்திட்டு வந்திட்டாங்க மிஸ்” என்றார். சாயம் பட்ட கையைத் துணியில் துடைத்தபடி, அவர்களுக்கும் கேட்கட்டும் என்பதுபோல் சொன்னார். “நான் மறிக்கேல்ல. என்ன சொல்லி மறிக்கிறது? இந்த ஓடர் வந்தா நில்லுங்கடி எண்டு சொல்லலாம். வராட்டி நானும் சேர்ந்து மெடிக்கல் எடுக்க வேண்டியதுதான்.”

“உங்களுக்கு வயசு கூட எண்டு ஏஜென்சில எடுக்கமாட்டாங்க அக்கா” என்றாள் ஓரம் கட்டிக்கொண்டிருந்த ஒருத்தி.

“வாயை மூடிட்டு ஓரத்தைக் கட்டு. அந்த வெள்ளைக்காரன் முதல்ல ஓரத்தைத்தான் பார்ப்பான்.”

உண்மையில் வியாபாரி முதலில் பார்த்தது ஓரத்தை அல்ல. தூதுவரை வரவேற்கக் கொன்சல் ஏற்பாடு செய்திருந்த விழாவுக்கு முதல்நாள் மாலை அவரும் நானும் வியாபாரியைக் கொட்டாஞ்சேனைக்கு அழைத்துப் போனோம். மிக உயரமானவர், ஆங்கிலத்தைச் சொல்லுக்குச் சொல் யோசித்துப் பேசுபவர். உள்ளே வந்ததும் ஒரு கால்மிதியை நிலத்தில் போட்டு, அதன்மேல் ஏறி நின்று, சப்பாத்தை முன்னும் பின்னுமாக உரசினார். ஆறு பெண்களும் வேலையை விட்டுவிட்டு அவருடைய கால்களைப் பார்த்தார்கள். பிறகு மண்டியிட்டு, தும்பை விரல்களால் இழுத்துப் பார்த்தார். மற்றொரு கால்மிதியைத் தண்ணீரில் நனைக்கச் சொன்னார். சாயம் இறங்கவில்லை. எழுந்து, முழங்காலைத் தட்டிவிட்டு, பையைத் திறந்து உடன்படிக்கையை எடுத்தார். எல்லாம் தட்டச்சு செய்து ஆயத்தமாக இருந்தது. பேனாவையும் எடுத்தார். அடுத்த நாள் மாலையே தூதுவரோடு புறப்பட்டு, மறுநாள் தான் கேரளத்துக்குப் போவதாகவும், அங்கேயும் ஒரு தொழிற்சாலையைப் பார்க்கவிருப்பதாகவும், ஆனால் இங்கேயே பிடித்துவிட்டதால் அங்கே சும்மா பார்த்துவிட்டுப் போகலாம் என்றும் மெதுவாக விளக்கினார்.

கொட்டாஞ்சேனைப் பெண் மேசையைத் துடைத்து இடம் செய்தார். பேனா தாளைத் தொட இருந்தது.

“நோ, நோ, நோ” என்றார் கொன்சல்.

எல்லோரும் அவரைப் பார்த்தோம்.

“இதை இஞ்ச வச்சுச் செய்யக்கூடாது. நாளைக்கு விழாவில, தூதுவருக்கு முன்னால, மேடையில செய்வம். இது ரெண்டு நாட்டு விஷயம்.” அதையே ஆங்கிலத்தில் இன்னும் நீளமாகச் சொன்னார். வியாபாரி பேனாவை மூடினார். அவருடைய நாட்டிலும் அரசாங்கம் சொன்னால் வியாபாரிகள் கேட்பார்கள் போலிருந்தது. உடன்படிக்கையைக் கொன்சல் வாங்கித் தன் பையில் வைத்துக்கொண்டார்.

“சேர்” என்றார் அந்தப் பெண், “கையெழுத்தை இப்ப வச்சிட்டு நாளைக்கு மேடையில சும்மா கைகுடுத்தா என்ன?”

“பிள்ளை, உனக்கு இது விளங்காது. உன்ர பேர் பேப்பரில வரும்.”

“எனக்கு ஓடர் வந்தாப் போதும் சேர்.”

“ரெண்டும் வரும்.”

திரும்பி வரும்போது வாகனத்தில், நிகழ்ச்சி நிரலில் கையெழுத்தை விளக்கேற்றலுக்கு அடுத்ததாக வைத்திருக்கிறேன் என்று கொன்சலிடம் நினைவூட்டினேன். தூதுவருக்கு மாலையில் விமானம். அவர் மண்டபத்திலிருந்தே கட்டுநாயக்கவுக்குப் புறப்படுகிறார்.

“மாத்துங்கோ மிஸ். நன்றியுரைக்கு முன்னால போடுங்கோ.”

“கடைசியாவோ சேர்?”

“கல்யாணத்துக்கு வந்த சனத்துக்கு முதல்லயே தாலியைக் கட்டிக் காட்டிட்டா, பிறகு ஆர் இருக்கப்போகினம்? முக்கியமானது கடைசியிலதான் வரவேணும்.”

தாலி கட்டும் வரை மாப்பிள்ளை எழுந்து விமானத்துக்குப் போவதில்லை என்பதைச் சொல்ல நினைத்தேன். அதற்குள் அவருடைய தொலைபேசி அடித்தது. வர்த்தகர் சங்கத் தலைவர். அவருக்கு வாழ்த்துரை இல்லை என்று யாரோ சொல்லிவிட்டார்களாம். சேர்த்தோம். அவரைச் சேர்த்தது தெரிந்ததும் பழைய மாணவர் சங்கத் தலைவர் எடுத்தார். பம்பலப்பிட்டியைத் தாண்டுவதற்குள் முன்னாள் மாநகரசபை உறுப்பினர் ஒருவரும், தூதுவர்மீது ஏற்கனவே வாழ்த்துக்கவி எழுதி முடித்துவிட்ட கவிஞர் ஒருவரும் சேர்ந்தார்கள். கால்மிதி என்ற சொல் நிரலில் வரக்கூடாது என்றும் கொன்சல் சொல்லியிருந்தார். வீட்டுக்குப் போய் நிரலைத் திருத்தி எழுதியபோது கடைசிக்கு முந்திய வரி இப்படி இருந்தது: ‘இருதரப்பு இயற்கை நார் ஒத்துழைப்பு உடன்படிக்கை கைச்சாத்து.’

விழா, வெள்ளவத்தையில் கடற்பக்கமாக இறங்கும் ஒழுங்கை ஒன்றில் உள்ள கல்யாண மண்டபத்தில், பகலில் நடந்தது. மண்டபக்காரர்கள் வழக்கமான முறையில் மேடையைச் சோடித்து, மணவறைக் கதிரைகள் இரண்டையும் நடுவில் வைத்திருந்தார்கள். தூதுவரும் கொன்சலும் அவற்றில் அமர்ந்தார்கள். முன்னால் மலர்ச் சாடி வைத்த சிறு மேசை. அதன்மேல் சிவப்பு வெல்வெட் உறைக்குள் உடன்படிக்கை. வியாபாரியை முன்வரிசையில் அமர்த்தி, மொழிபெயர்க்க என்னைப் பக்கத்தில் வைத்தார்கள். முன்வரிசைகள் பிரமுகர்களுக்கு என்பதால், உடன்படிக்கையின் மற்றத் தரப்பு நான்காம் வரிசையின் ஓரத்தில் இருந்தது. நல்ல பச்சைச் சேலை, தலையில் மல்லிகை, மடியில் மாதிரிக்கு ஒரு கால்மிதி கடதாசியில் சுற்றி.

விளக்கை ஏற்றுவதற்கு மின்விசிறிகளை நிறுத்தினார்கள். திரி ஐந்து, பிரமுகர்கள் அதைவிடக் கூட. ஆகவே ஒரே திரியைச் சிலர் அணைத்து அணைத்து ஏற்றினார்கள். பிறகு இரு நாட்டுக் கீதங்கள். எங்களுடையது இறுவட்டில் இருந்தது. அவர்களுடையதை இணையத்திலிருந்து ஒலிக்கவிட்டார்கள். முதலில் சலவைத்தூள் விளம்பரம் ஒன்று வந்தது. சபை முழுவதும் அதற்கு அசையாமல் நின்றது. தூதுவரும் நின்றார், எங்கள் கீதம் இரண்டு பாகமாக இருக்கும் என்று நினைத்திருக்கலாம்.

அதன்பிறகு உரைகள். ஒவ்வொருவரும் எழுந்து, மேடையில் இருந்த ஒவ்வொருவரையும் பதவியோடு விளித்து முடிக்கும்போது அடுத்தவருக்கு நேரமாகியிருந்தது. ஆனாலும் அதன்பிறகுதான் பேசத் தொடங்கினார்கள்.

வியாபாரி என் பக்கம் சாய்ந்து, என்ன சொல்கிறார் என்று கேட்டார்.

வரவேற்கிறார் என்றேன்.

அடுத்தவர் எழுந்தார். இவர்?

இவரும் வரவேற்கிறார்.

முன்னாள் மாநகரசபை உறுப்பினர், இரண்டு நாட்டு மாலுமிகளும் பண்டைக் காலத்தில் ஒரே அலைகளில் சந்தித்துக்கொண்டதைப் பற்றிக் குரல் தழுதழுக்கப் பேசினார். கடலே இல்லாத நாட்டின் தூதுவர் கைதட்டினார். வியாபாரி மறுபடியும் என்னைப் பார்த்தார். வெகு காலமாக வரவேற்கிறோம் என்கிறார் என்றேன்.

அதற்கிடையில் பொன்னாடைகள். பேசியவர் தூதுவருக்கு ஒன்று போர்த்தினார். கொன்சல் பேசியவருக்கு ஒன்று போர்த்தினார். பேசியவரின் சங்கத்துச் செயலாளர் வந்து தங்கள் சார்பில் தூதுவருக்கு இன்னொன்று போர்த்தினார். விசிறிகளைத் திரும்பப் போட யாருக்கும் ஞாபகம் வரவில்லை. தூதுவரின் கழுத்துக்கு மேலே முகம் மட்டும் தெரிந்தது. பனி விழும் ஊரில் இருந்து வந்தவரைக் கொழும்பு வெயிலில் அந்தப் பனிக்கே தயார்செய்து கொண்டிருந்தோம். மேடை ஓரத்தில் பொன்னாடைக் குவியலோடு ஓர் இளம் தொண்டர் நின்றார். யார் படியேறினாலும் ஒன்றைப் பிரித்துக் கொடுப்பது அல்லது போர்த்துவது அவருடைய வேலை.

பின்னாலிருந்து என் தோளில் ஒரு விரல் தட்டியது. கொட்டாஞ்சேனைப் பெண், நாற்காலிகளுக்கு இடையில் குந்தியிருந்தார்.

“மிஸ், இன்னும் எத்தினை பேர்?”

“நாலு பேர். பிறகு நடனம்.”

“அவங்கட பிளேன்?”

“பின்னேரம்.”

“ரோட்டில சனமெண்டா? இந்தாள் நாளைக்குக் கேரளாக்குப் போறார் மிஸ். அங்க போய்ப் பார்த்தா, அங்கயே கையெழுத்தை வச்சிட்டுப் போயிடுவார். நாங்க மேடை கட்டிக்கொண்டு நிக்கிறம் எண்டு அவர் திரும்பியா வருவார்? இதில வச்சே கையெழுத்தைப் போட்டா என்ன?”

“பேப்பர் மேடையில இருக்கு.”

அவர் வெல்வெட் உறையைப் பார்த்தார். “அது மேல பூச்சாடியை வச்சிட்டாங்க பாருங்க” என்று சொல்லிவிட்டு, வந்த வழியே குந்தியபடி திரும்பிப் போனார்.

நான் எழுந்து மேடையின் பக்கவாட்டால் போய், நேரம் போகிறது என்று ஒரு துண்டில் எழுதிக் கொன்சலிடம் கொடுத்தேன். அவர் வாசித்து, தலையாட்டி, கவிஞரை அழைத்தார். வாழ்த்துக்கவியில் தூதுவரின் நாட்டுக்கும் பூட்டுக்கும், பனிக்கும் பணிக்கும் எதுகை கண்டிருந்தார் கவிஞர். கேட்கச் சுகமாகத்தான் இருந்தது. நடனம் தொடங்கி இரண்டாவது உருப்படிக்குப் போனபோது தூதுவர் மணிக்கூட்டைப் பார்த்தார். கொன்சலின் காதில் ஏதோ சொன்னார். எழுந்தார். வியாபாரியும் என்னோடு கைகுலுக்கிவிட்டு எழுந்தார். கையெழுத்து என்றேன். அவர் மேடையைப் பார்த்து, தோளைக் குலுக்கி, டெல்லியிலிருந்து எழுதுவதாகச் சொன்னார். எழுதமாட்டார் என்பதை எனக்குச் சொல்லத் தேவையில்லாத அளவுக்கு மரியாதையாகச் சொன்னார்.

கொன்சல் அவர்களை வாசல் வரை கொண்டுபோய்க் கைகூப்பிவிட்டு, விரைவாக மேடைக்குத் திரும்பினார். அவருக்கு இன்னும் பொன்னாடை போர்த்தியாகவில்லை. அதைச் சங்கங்கள் எல்லாம் சேர்ந்து கடைசியில் செய்வதாக இருந்தது.

“மாண்புமிகு தூதுவர் அவர்கள் அவசர அலுவல் நிமித்தம்...” என்று ஒலிவாங்கியில் தொடங்கியபோதுதான் அந்தப் பச்சைச் சேலை மேடைப் படியில் ஏறியது.

யாரும் தடுக்கவில்லை. பெண்ணொருத்தி தலையில் பூவோடு படியேறினால் ஏதோ கௌரவிப்பு என்றுதான் சபை எடுத்துக்கொள்ளும். தொண்டரும் அப்படித்தான் எடுத்துக்கொண்டார். கையில் இருந்த பொன்னாடையைப் பிரித்து அவருடைய தோளில் போர்த்தினார். பின்வரிசையில் கைதட்டினார்கள். அவர் தொண்டரை வணங்கினார், மலர்ச் சாடியைத் தூக்கி ஓரமாக வைத்தார், வெல்வெட் உறையை எடுத்தார், சபையையும் ஒரு தரம் வணங்கினார், மற்றப் பக்கப் படியால் இறங்கினார். கொன்சல் வாயைத் திறந்தபடி நின்றார். அதற்குள் வர்த்தகர் சங்கத் தலைவர் அவருடைய கழுத்தைப் பொன்னாடையால் சுற்றிப் பிடித்துக்கொண்டு புகைப்படக்காரரைப் பார்த்துச் சிரித்தார்.

நானும் வெளியே ஓடினேன். தூதுவரின் கார், காலி வீதி நெரிசலைத் தவிர்க்கக் கடற்கரை வீதிப் பக்கம் இறங்கியிருந்தது. ஒழுங்கையின் பாதியில், புதிய தொடர்மாடி ஒன்றுக்குக் கொங்கிறீட் ஊற்றும் லொறி குறுக்கே நின்று பீப்பாயைச் சுழற்றிக்கொண்டிருந்தது. வெள்ளவத்தையில் எந்த ஒழுங்கையிலும் எந்த நாளிலும் அப்படி ஒன்று நிற்கும். காரின் சாரதி இறங்கி, லொறியை ஒதுக்கச் சொல்லி லொறிக்காரரிடம் சிங்களத்தில் கெஞ்சினார்.

“அய்யே, அயின் கரன்ன! எம்பசி வாகனம்!”

“தவ பொட்டய், மாத்தயா.” இன்னும் கொஞ்சம்தான் என்று லொறிக்காரர் கையைக் காட்டினார். குழாயைச் சுருட்டத் தொடங்கியிருந்தார்கள்.

அப்போது பச்சைச் சேலை எனக்கு முன்னால் ஓடியது. ஒரு கையில் வெல்வெட் உறை, மற்றக் கையில் கால்மிதி, தோளில் சரிகைப் பொன்னாடை.

“மல்லி! பொட்டக் இன்ன! லொறியை எடுக்காதீங்க!”

லொறிக்காரர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். ஒருவர் எடு என்கிறார், ஒருவர் எடுக்காதே என்கிறார். எடுக்காதே என்பவர் கௌரவிக்கப்பட்டவராக வேறு தெரிந்தார். குழாய் சுருட்டுவது நின்றது.

கார்க் கண்ணாடி இறங்கியது. வியாபாரி தலையை வெளியே நீட்டினார். அந்தப் பெண்ணுக்கு மூச்சு வாங்கியதில் ஆங்கிலம் வரவில்லை, தமிழும் வரவில்லை. உறையை நீட்டினார். வியாபாரி கதவைத் திறந்து இறங்கி, காரின் முன்மூடியில் தாளை வைத்தார். வெயிலில் அது அடுப்புப் போலக் கொதித்தது. கையை இழுத்துக்கொண்டார். அந்தப் பெண் பொன்னாடையை உருவி, நாலாக மடித்து, மூடியில் விரித்தார். அதன்மேல் தாளை வைத்தார்கள். அந்த நாட்டின் சிறு கொடி பக்கத்தில் கம்பியில் தொங்கியது, காற்றில்லாமல்.

வியாபாரி கையெழுத்திட்டார். அந்தப் பெண் கையெழுத்திட்டார். சாட்சிக்கு ஒரு வரி இருந்தது. தூதுவர், தோளில் இருந்து பொன்னாடைகளை ஒவ்வொன்றாகக் கழற்றி இருக்கையில் குவித்துக்கொண்டிருந்தவர், ஜன்னல் வழியாகக் கையை நீட்டித் தானும் போட்டார். எங்கள் நாட்டுக்கு வந்ததிலிருந்து அவர் செய்த முதல் வேலை அதுதான் என்பது அவருடைய முகத்தில் தெரிந்தது, மகிழ்ச்சியாக இருந்தார்.

“ஹரி மல்லி, தென் யன்ன!” என்று அந்தப் பெண் லொறியைப் பார்த்துக் கூவினார். இப்போது போகலாம். லொறி நகர்ந்தது, கார் போனது. கால்மிதி அவர் கையிலேயே இருந்தது. “அவருக்குக் குடுக்க மறந்திட்டன்” என்று சொல்லிவிட்டு, ஒழுங்கை ஓரத்து மதிலில் சாய்ந்து நின்று அழுதார். எவ்வளவு நேரம் என்று நான் பார்க்கவில்லை. லொறிக்காரர் இறங்கி வந்து, தண்ணீர்ப் போத்தலை நீட்டினார்.

நாங்கள் மண்டபத்துக்குத் திரும்பியபோது நன்றியுரை நடந்துகொண்டிருந்தது. தூதுவரின் வருகைக்கு நன்றி சொன்னார்கள்.

கொன்சலுக்குக் கோபம் இரண்டு நாட்கள் நீடித்தது. உடன்படிக்கை போனதாலோ வந்ததாலோ அல்ல. “படம் இல்ல மிஸ்” என்றார். “வரலாற்றுச் சம்பவம். ஒரு படம் இல்ல.” நடுத்தெருவில், சீமெந்துத் தூளுக்கு நடுவே நடந்த கைச்சாத்தை டெல்லிக்கு எப்படி அறிக்கையிடுவது? ஆகவே அதை எங்கள் அலுவலகத்தில், அரச சின்னத்தின் கீழ், முறையாக மறுபடியும் நடத்துவதென்று தீர்மானித்தார். வியாபாரியின் சார்பில் தானே கையெழுத்திடுவதாகச் சொன்னார். பத்திரிகைக்குச் சொல்லியாயிற்று, பக்கத்துப் பல் வைத்தியரின் கதிரைகளையும் இரவல் வாங்கியாயிற்று. கொட்டாஞ்சேனைக்கு அழைத்தேன்.

“அண்டைக்கு ஏலாது மிஸ். முதல் லோட் பாக் பண்ற நாள். ஆக்கள் காணாது.”

“ரெண்டு பேரும் நிண்டிட்டாங்களா?”

“ஒருத்தி நிண்டிட்டா. மற்றவ போயிட்டா மிஸ். டிக்கெட் வந்திட்டுது, போகாட்டி ஏஜென்சிக்காரன் பிரச்சினை குடுப்பான். நேத்து குவைத்தில இருந்து கோல் எடுத்தா. அந்த வீட்டில வாசலுக்கு வாசல் கால்மிதி எண்டு சொன்னா. நம்மட இல்லயாம், பிளாஸ்டிக்காம். சேருக்குச் சொல்லுங்க, நான் வரேலாது.”

சேருக்குச் சொன்னேன். அவர் என்னுடைய சேலையை மேலும் கீழும் பார்த்தார்.

அப்படியாக, அரச சின்னத்தின் கீழ் நான் உட்கார்ந்து, எதுவும் எழுதாத ஒரு தாளில் கையெழுத்திட்டேன். கொன்சலும் இட்டார். எழுந்து கைகொடுத்தோம். படம் எடுத்தவர், இன்னொரு தரம் கைகொடுங்கள், புன்னகையோடு, என்றார். கொடுத்தோம். ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகையில் அரைப் பக்கம் வந்தது. டெல்லிக்கும் அனுப்பினோம். சில வாரங்களில் பாராட்டுக் கடிதம் வந்தது. கொன்சலின் பதவிக்காலத்தையும் நீடித்திருந்தார்கள்.

படம் வெளியான மறுவாரத்தில் ஒரு காலை, நான் பத்திரங்களை விரித்து வைத்திருந்தபோது தொலைபேசி அடித்தது.

“மிஸ், பேப்பர்ல என்ட பேரைப் போட்டு உங்கட படத்தைப் போட்டிருக்கு.”

“தெரியும். சொல்லிப் பார்த்தனான், கேக்கேல்ல.”

“பரவாயில்ல. நல்லாத்தான் இருக்கிறீங்க. சாரிதான் கொஞ்சம் மங்கல். பிள்ளைகள் வெட்டிச் சுவரில ஒட்டி வச்சிருக்காங்க. இப்ப வாற ஆக்கள் எல்லாம் படத்தைப் பார்த்திட்டு, முதலாளி அம்மா எங்க எண்டு என்னட்டயே கேக்குறாங்க.”

“என்ன சொல்றீங்க?”

“வெள்ளவத்தைல ஒரு விழாவுக்குப் போயிட்டாங்க, இப்போதைக்கு வரமாட்டாங்க எண்டு சொல்றன். சரி மிஸ், வைக்கிறன். லொறி வந்திட்டு.”